அருளானந்தர், புலிகுத்திக் கல், மொஹரம்: மூன்றும் ஒன்றுதானா?

கேள்வி கேட்டவர் தாண்டிக்குடிப் பக்கம் காபித் தோட்டம் வைத்திருப்பவர். தோட்டத்தில் வேலை செய்யும் கத்தோலிக்கக் குடும்பங்கள் பிப்ரவரியில் அருளானந்தருக்குத் திருவிழா எடுக்கிறார்கள். இவர் வீட்டார் மலையடிவாரத்தில் புலியோடு மல்லுக்கட்டிச் செத்த முன்னோர் ஒருவரின் கல்லுக்குக் கிடா வெட்டுகிறார்கள். பஜாரில் கடை வைத்திருக்கும் பாய் மொஹரம் பத்தாம் நாள் நோன்பு பிடிக்கிறார். "செத்தவரைச் சாமியாக்குகிறோம், பெயர்தான் வேறு. மூன்றும் ஒன்றுதானே சார்? இதில் யார் உண்மையான தியாகி என்று எப்படிச் சொல்வது?" இதுதான் கேள்வி.

இதற்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. மூன்றும் ஒன்றா என்பது எளிது: இல்லை. உண்மையான தியாகி யார் என்று தீர்ப்புச் சொல்லும் அதிகாரம் யாருக்கு என்பதுதான் நீங்கள் உண்மையில் கேட்பது. அதற்கு ஒவ்வொரு மரபும் வேறு பதில் வைத்திருக்கிறது. நான் கல்லூரியில் சமய வரலாறு நடத்தியவன். ஓய்வுக்குப் பிறகு கொடைக்கானலில் இருக்கிறேன், செண்பகனூரில் இயேசு சபையார் காத்துவரும் பழைய கடிதங்களில் ஓரளவு மூழ்கியிருக்கிறேன். கிறித்தவப் பக்கமும் நடுகல் பக்கமும் தைரியமாகப் பேசுவேன். இஸ்லாமியச் சட்ட நுணுக்கத்துக்கு உங்கள் ஊர் ஆலிமைக் கேட்பது நல்லது. நான் பொதுவாக ஒப்புக்கொள்ளப்பட்டதை மட்டும் சொல்கிறேன்.

உங்கள் வீட்டுக் கல்லில் தொடங்குகிறேன், மூன்றில் அதுதான் பழைய வழக்கம். அதற்கு முன் ஒன்று. பெத்துப்பாறையிலும் தாண்டிக்குடியிலும் இருக்கும் கல்வீடுகளையும் இதோடு சேர்த்து நினைக்காதீர்கள். அவை பெருங்கற்காலக் கல்திட்டைகள், செத்தவர்களுக்கு எழுப்பியவை. அவர்கள் போரில் செத்தார்களா, நோயில் செத்தார்களா என்று அந்தக் கற்கள் பேசுவதில்லை. செண்பகனூரில் இருந்த ஆங்கிலேட் பாதிரியார் நியூட்டனோடு சேர்ந்து 1928இல் தொல்லியல் துறைக்காக எழுதிய அறிக்கையிலும் இவை ஈமச் சின்னங்கள்தான். நீலகிரியில் சில கல்திட்டைகளில் வீரர் உருவம் செதுக்கியிருக்கிறது. அது வேறு கதை.

நடுகல் அப்படியல்ல. இன்ன ஊர்க்காரன் இன்ன காரியத்தில் செத்தான் என்று சொல்வதற்கென்றே நட்ட கல் அது. கல்லைத் தேர்ந்து பார்ப்பதிலிருந்து நீராட்டி, நட்டு, படையல் போட்டு, வாழ்த்துவது வரை ஆறு கட்டமாகத் தொல்காப்பியம் சொல்கிறது. உங்கள் மலையிலிருந்து இறங்கினால் வைகைப் பள்ளத்தாக்கு. அங்கே ஆண்டிப்பட்டி வட்டம் புலிமான்கோம்பையில் 2006இல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் தமிழி, அதாவது பழந்தமிழ் எழுத்து, உள்ள மூன்று நடுகற்களைக் கண்டெடுத்தார்கள். நாட்டிலேயே மிகப் பழைய எழுத்துள்ள நடுகற்கள் என்று கருதப்படுபவை அவை. கி.மு. மூன்றாம் நூற்றாண்டு வரை போகலாம் என்று கண்டெடுத்தவர்கள் சொல்கிறார்கள். அவ்வளவு பழசா என்பதில் கல்வெட்டறிஞர்கள் எல்லோரும் ஒத்துப்போகவில்லை. ஒரு கல்லில் இருப்பது இவ்வளவுதான்: "கல் பேடு தீயன் அந்தவன் கூடல் ஊர் ஆகோள்". கூடலூரில் நடந்த ஆகோளில், அதாவது மாடு பிடிக்கும் சண்டையில், செத்துப்போன பேடு ஊர்த் தீயன் அந்தவனின் கல்.

இதில் ஒரு சிக்கல் இருக்கிறது, எனக்கு அது ரொம்பப் பிடித்த சிக்கல். ஆகோளில் செத்தவன் மாட்டை மீட்கப் போனவனா, கவரப் போனவனா? செங்கம் வட்டாரத்துப் பிற்கால நடுகற்களில் இரண்டு வகையும் உண்டு: "தொறு மீட்டுப் பட்டான்" (மாட்டு மந்தையை மீட்டுச் செத்தான்) என்றும் இருக்கும், "தொறு கொண்டு பட்டான்" (கவர்ந்து செத்தான்) என்றும் இருக்கும். மாட்டைப் பறிகொடுத்த ஊருக்கு இரண்டாமவன் திருடன். அவன் ஊர் அவனுக்கும் கல் நட்டு, பீலி சூட்டி, கள் படைத்தது. எடுத்தனூரில் கோவிவன் என்ற நாய்க்கே கல் இருக்கிறது, இரண்டு கள்ளரைக் கடித்து நின்ற நாய். நாயின் கொள்கை என்ன என்று யாரும் விசாரிக்கவில்லை. நியாயம் யார் பக்கம் என்பதை நடுகல் கேட்பதில்லை. நம்மவனா, நமக்காகப் போனானா என்று கேட்கிறது, அவ்வளவுதான். ஊருக்கு அவனிடம் ஒரு கடன் பாக்கி இருக்கிறது, அதை வருடா வருடம் கட்டுகிறார்கள். உங்கள் புலிகுத்தி ஐயாவும் இந்த வகைதான். அவர் எதை நம்பினார் என்பது உங்கள் பூசையில் எங்கும் வராது. அவர் தடுத்த புலி வரும்.

இனி அருளானந்தர். லிஸ்பனில் 1647இல் பிறந்த ஜான் தெ பிரிட்டோ, மதுரை மறைப்பணித் தளத்துக்கு வந்து காவி கட்டி, மரக்கறி உண்டு, பண்டாரசாமியாக வாழ்ந்தவர். மறவர் நாட்டில் தடியத்தேவர் என்ற பாளையத் தலைவர் நோய் நீங்கி ஞானஸ்நானம் கேட்டார். முதல் மனைவியோடு மட்டும் வாழ வேண்டும், மற்றவர்கள் உடன்பிறந்தாரைப் போல என்று இவர் நிபந்தனை வைத்தார். ஒதுக்கப்பட்டவர்களில் கடைசி மனைவி மறவர் நாட்டு மன்னர் கிழவன் சேதுபதியின் உறவுப் பெண். அவள் அழுதுகொண்டு அரண்மனைக்குப் போனாள். சேதுபதி இவரை ஓரியூரில் இருந்த தன் தம்பியிடம் அனுப்பினார். 1693 பிப்ரவரி 4ஆம் தேதி அங்கே தலை வெட்டப்பட்டது. அன்று திருநீற்றுப் புதன். முந்தைய நாள் சிறையில் கரியைக் கரைத்து, ஒரு குச்சியால் அவர் எழுதிய கடிதம் இருக்கிறது. தன் மேல் சாட்டப்பட்ட குற்றம் தான் போதித்த வேதம்தான், அப்படியிருக்க இந்தத் துன்பம் தனக்குப் பெருமையே என்பது அதன் சாரம்.

தேதி, இடம், கொன்ற முறை, ஆணையிட்டவர் எல்லாம் உறுதியானவை. காரணத்தில்தான் வாதம். ரோமாபுரிச் சபையின் கணக்கில், கொன்றவன் விசுவாசத்தின் மீதுள்ள வெறுப்பால் கொன்றிருக்க வேண்டும், செத்தவர் அதை மனமார ஏற்றிருக்க வேண்டும். சேதுபதி கொன்றது வேதத்துக்காகவா, குடும்ப மானத்துக்காகவா, தடியத்தேவர் கை ஓங்கிவிடும் என்ற அரசியல் பயத்துக்காகவா? மூன்றும் கலந்துதான் இருந்தன என்பது என் வாசிப்பு. சபைக்குள் வாதாடியவர்கள் திருமுழுக்கு அருளப்பரைக் காட்டினார்கள்: அவர் தலை போனதும் ஏரோது அரசனின் திருமணத்தைக் கண்டித்ததால்தானே, அவரை வேதசாட்சி, அதாவது விசுவாசத்துக்காக உயிர் விட்டவர், இல்லை என்று யார் சொன்னார்கள்? இதற்கிடையில் இன்னொரு தடை. காவியும் சந்தனமும் சாதி வழக்கங்களும் கிறித்தவருக்கு ஆகுமா என்ற மலபார் சடங்குச் சண்டை ரோமாபுரியில் ஓடிக்கொண்டிருந்தது. அந்த வழக்கங்களைக் கைக்கொண்டவரை எப்படிப் புனிதராக்குவது? அது தடையல்ல என்று 1741இல் போப் பதினான்காம் பெனடிக்ட் அறிவித்தார். அப்புறமும் நூறு வருடத்துக்கு மேல் கழித்து 1853இல் புனிதருக்கு முந்தைய படியான அருளாளர் பட்டம், 1947 ஜூனில் புனிதர் பட்டம். செத்து 254 வருடம்.

உங்கள் கல்லோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அங்கே ஊர் கூடி ஒரு நாளில் முடிவெடுத்தது. இங்கே கோப்பு இரண்டரை நூற்றாண்டு நகர்ந்தது.

ஆனால் மக்கள் கோப்புக்காகக் காத்திருக்கவில்லை. ஓரியூர் மண் சிவப்பு, அருளானந்தரின் ரத்தம் பட்டுச் சிவந்தது என்பது நம்பிக்கை. அங்கே போகிறவர்கள் பொட்டலம் கட்டி எடுத்து வருவார்கள். உங்கள் தோட்டத்து வீடுகளில் பாருங்கள், மாடத்தில் படத்துக்குப் பின்னால் ஹார்லிக்ஸ் பாட்டிலில் அந்த மண் இருக்கும். பண்ணைக்காட்டில் ஒரு பாட்டி, காய்ச்சல் கண்ட பேரனுக்கு அதைத் தண்ணீரில் குழைத்து, மூன்று விரலால் நெற்றியில் இழுத்ததைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். இழுத்த பிறகு சிலுவை போட்டார். ஓரியூரில் இந்துக்களும் நேர்ந்துகொள்கிறார்கள். கிடா வெட்டிப் பொங்கி, வந்தவர்களுக்குச் சோறு போடுகிறார்கள். ரோமாபுரி சட்டப்படி சோதித்து ஏற்ற ஒருவரை, மறவர் சீமை தன் பழைய முறைப்படி ஏற்றுக்கொண்டிருக்கிறது. ஆக "மூன்றும் ஒன்று" என்று உங்களுக்குத் தோன்றுவதில் தப்பில்லை. கும்பிடுகிற கைகள் ஒன்று. கும்பிடச் சொல்லும் காரணம் வேறு.

திருச்சபை ஏன் இவ்வளவு கறாராக இருக்கிறது? தொடக்கத்திலேயே சூடு கண்டது. இரண்டாம் நூற்றாண்டில் ஸ்மிர்னா ஆயர் பாலிகார்ப் எரிக்கப்பட்ட செய்தியைச் சொல்லும் பழைய கடிதத்தில் குவிந்துஸ் என்று ஒருவன் வருகிறான். தானாக முன்வந்து, மற்றவர்களையும் உசுப்பேற்றி, கடைசியில் மிருகங்களைப் பார்த்ததும் பயந்து சத்தியம் செய்து தப்பித்துக்கொண்டான். தானாகப் போய் மாட்டிக்கொள்வதை நாங்கள் மெச்சுவதில்லை என்று அந்தக் கடிதமே சொல்கிறது. நான்காம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஸ்பெயினில் எல்விரா சங்கம் இன்னும் ஒரு படி போனது: ஒருவன் கோயில் சிலையை உடைத்து, அதற்காக அங்கேயே கொல்லப்பட்டால் அவன் பெயரை வேதசாட்சிகள் பட்டியலில் சேர்க்காதே. இன்று எந்த மதத்துப் பெயரிலும் கலவரத்துக்குப் போய்ச் செத்தவனுக்கு பேனர் கட்டும்போது எனக்கு இந்த விதிதான் ஞாபகம் வரும். தண்டனை வேதசாட்சியை உண்டாக்காது, காரணம்தான் உண்டாக்கும் என்று அகுஸ்தீனார் சொன்னதும் இதே பின்னணியில்தான்.

அப்படியானால் பிறருக்காக உயிர் கொடுத்தவர்? ஆஷ்விட்ஸ் முகாமில் 1941இல் பிள்ளைகுட்டிக்காரரான ஒரு கைதிக்குப் பதிலாகப் பட்டினிக் கொட்டடிக்குப் போன மாக்சிமிலியன் கோல்பே பாதிரியார் விஷயத்தில் சபைக்கே தடுமாற்றம். அவரை யாரும் வேதத்தை வெறுத்துக் கொல்லவில்லையே? 1971இல் அருளாளர் பட்டம் தந்தபோது வேதசாட்சி என்று தரவில்லை. 1982இல் போப் இரண்டாம் யோவான் பவுல், அதை ஆராய்ந்த குழுவின் கருத்தை மீறி, வேதசாட்சி என்றே அறிவித்தார். பிறகு 2017இல் போப் பிரான்சிஸ், அன்பினால் உயிரைக் கையளித்தவர்களுக்கென்று தனியாக ஒரு வழியே திறந்தார். ஊருக்காகச் செத்தவனை என்ன செய்வது என்ற கேள்விக்கு ரோமாபுரி இவ்வளவு சுற்றி வர வேண்டியிருந்தது. வைகைக்கரைக்காரர்களுக்கு அது கேள்வியாகவே இருந்ததில்லை.

பாய் நோன்பு பற்றிப் பலரும் தவறாக நினைக்கிற ஒன்றைத் திருத்திவிடுகிறேன். உங்கள் கடைக்காரர் சுன்னி என்றால், அவர் அன்று நோன்பு பிடிப்பது நபியின் பேரர் இமாம் ஹுசைனுக்காக அல்ல. நபி மதீனாவுக்கு வந்தபோது, மூஸா நபி எகிப்து மன்னன் ஃபிர்அவ்னிடமிருந்து தப்பிய நாள் என்று யூதர்கள் அன்று நோன்பிருந்தார்கள், நபியும் இருந்தார் என்று ஹதீஸ், அதாவது நபிமொழி, சொல்கிறது. ஹுசைன் கொல்லப்பட்ட கர்பலாப் போர் நடந்தது 680இல், நபி மறைந்து ஏறக்குறைய ஐம்பது வருடம் கழித்து. இரண்டும் ஒரே தேதியில் விழுந்துவிட்டன. கர்பலாவை நெஞ்சிலடித்து நினைப்பது ஷியா வழி. தமிழ்நாட்டில் இதற்கு மூன்றாவது வழியும் உண்டு: தஞ்சாவூர் பக்கம் காசவளநாடு புதூரில் இந்துக்களே பஞ்சா என்ற கை வடிவச் சின்னத்தை எடுத்து, 'அல்லா சாமி' என்று தீ மிதிக்கிறார்கள்.

இஸ்லாத்தில் ஷஹீது, அதாவது தியாகி, யார் என்பதற்கு ரோமாபுரி போல விசாரணை மன்றம் இல்லை. போர்க்களத்தில் செத்தவரைக் குளிப்பாட்டாமல், உடுத்திய துணியோடு அடக்குவார்கள். அது மனிதர் செய்வது. உள்ளே என்ன எண்ணம் இருந்தது என்பது இறைவனுக்கு மட்டும் தெரியும். தீர்ப்பு நாளில் முதலில் விசாரிக்கப்படுபவர்களில் போரில் செத்த ஒருவன் இருப்பான், 'வீரன் என்று பேர் வாங்கத்தானே சண்டை போட்டாய், வாங்கிவிட்டாயே' என்று சொல்லி அவனை நரகத்துக்கு இழுத்துப் போவார்கள் என்று 'ஸஹீஹ் முஸ்லிம்' என்ற தொகுப்பில் ஒரு ஹதீஸ் உண்டு. ஷஹீதுக்கு எல்லாம் மன்னிக்கப்படும், கடனைத் தவிர, என்று இன்னொன்று. நெஞ்சில் கை வைத்து யோசிக்க வைக்கிற பேச்சு இரண்டும். மறுபக்கம் கதவு அகலமாகவும் திறக்கிறது: கொள்ளைநோயில் செத்தவர், வயிற்று நோயில் செத்தவர், தண்ணீரில் மூழ்கியவர், இடிபாட்டில் சிக்கியவர் எல்லோரும் ஷஹீதுகளில் சேர்வார்கள். 2009 நவம்பரில் நீலகிரியில் மண்சரிந்து நாற்பதுக்கும் மேற்பட்டவர்கள் மாண்டபோது, குன்னூரில் ஒரு பெரியவர் இழந்த வீட்டாரிடம் இதைச் சொல்லித் தேற்றினார். "மண்ணு மூடுனவங்களும் அந்தக் கணக்குதாம்மா" என்றார். அந்த அம்மா அதற்கப்புறம்தான் தேநீர் டம்ளரைக் கையில் வாங்கினார்.

சைவத்தில் இந்தச் சட்டகமே சரியாகப் பொருந்தாது. மெய்ப்பொருள் நாயனாரை எடுத்துக்கொள்ளுங்கள். திருநீறு பூசி, அடியார் வேடத்தில் வந்த முத்தநாதன் சுவடிக்குள் ஒளித்த கத்தியால் குத்துகிறான். காவலன் தத்தன் வாளோடு பாய, 'தத்தா நமர்' என்று தடுத்து, கொன்றவனைப் பத்திரமாக ஊர் எல்லை தாண்டி விட்டுவரச் சொல்கிறார். விட்டாயிற்று என்று கேட்ட பிறகுதான் உயிர் போகிறது. இதைப் படித்துவிட்டு அவரை வேதசாட்சி என்று சொன்னால் கதையின் உயிரே போய்விடும். அவர் காத்தது வேடத்தின் மதிப்பை. சீக்கியரின் குரு தேக் பகதூர், 1675இல் தில்லியில் கொல்லப்பட்டவர், இன்னொரு மாதிரி: காஷ்மீரப் பண்டிதர்களின், அதாவது வேறு மதத்தாரின், வழிபாட்டு உரிமைக்காகத் தலை கொடுத்தார் என்று அவர்கள் மரபு நினைவில் வைத்திருக்கிறது.

நினைவு யார் கையில் இருக்கிறது என்பதையும் கவனிக்க வேண்டும். மதுரையில் எண்ணாயிரம் சமணர் கழுவேறினார்கள் என்பது பெரியபுராணம் சொல்லித்தான் எல்லோருக்கும் தெரியும். சமண நூல்கள் அப்படி ஒரு நிகழ்ச்சியைப் பேசுவதில்லை. அது நடந்ததாகச் சொல்லும் சம்பந்தர் காலத்துக்கும் பெரியபுராணம் எழுதிய சேக்கிழாருக்கும் இடையே ஐந்நூறு வருடம் இருக்கிறது. நடந்ததற்கு அந்தக் காலத்துச் சான்று ஏதும் கிடைக்கவில்லை, எண்ணாயிரம் என்பதும் எண்ணிச் சொன்ன எண் மாதிரி இல்லை. செத்ததாகச் சொல்லப்படும் தரப்பு நினைக்காமல், வென்ற தரப்பு மட்டும் நினைக்கிற சாவு இது. நேர் எதிர்க் கதை மதுரைவீரன்: மாறுகால் மாறுகை வாங்கிய அதே ஊரில், மீனாட்சி கோயில் கிழக்குக் கோபுரத்துப் பக்கம் அவனுக்குச் சந்நிதி. அங்கே கடன் மட்டும் இல்லை, பயமும் இருக்கிறது. அநியாயமாகக் கொல்லப்பட்டவனைச் சாந்தப்படுத்தாமல் ஊர் தூங்காது என்ற பயம். நம் நாட்டார் சாமிகளில் பாதிப் பேர் இந்தப் பயத்தில் பிறந்தவர்கள் என்பது என் எண்ணம்.

சரி, உண்மையான தியாகி யார்? செத்த விதம் யாரையும் தியாகி ஆக்குவதில்லை, பின்னால் இருப்பவர்கள்தான் ஆக்குகிறார்கள் என்று நினைக்கிறேன். அதனால் செத்தவரைப் பற்றி விசாரிப்பதை விட, நினைப்பவர்கள் அந்த நினைவை வைத்து என்ன செய்கிறார்கள் என்று பார்ப்பது எனக்குப் பயன்பட்டிருக்கிறது. ஓரியூரில் சோறு போடுகிறார்கள், குன்னூரில் ஒரு தாய்க்கு ஆறுதல் சொல்கிறார்கள், வேறு இடங்களில் அடுத்தவன் தெருவுக்குள் ஊர்வலம் விடுகிறார்கள். தரம் பிரிக்க எனக்கு இது போதும். கத்தோலிக்க நண்பர்கள் இதை ஒத்துக்கொள்ள மாட்டார்கள், அவர்களுக்கு அது கடவுளின் அருள், சபை அதைக் கண்டுபிடித்து அறிவிக்கிறது, அவ்வளவுதான். வரலாறு படித்தவன் அந்த இடத்துக்குள் போக முடியாது.

கடைசியாக, கேள்வியில் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தீர்கள், இந்த வருடக் கும்பிடுக்கு முன் கல்லை மணல்தாள் போட்டுத் தேய்த்து எனாமல் பெயிண்ட் அடிக்கப்போவதாக. தயவுசெய்து வேண்டாம். புலிகுத்திக் கற்களில் ஆள் உருவத்துக்கு மேலேயோ பக்கவாட்டிலோ இரண்டு மூன்று வரி எழுத்து இருப்பதுண்டு. எண்ணெயும் மஞ்சளும் ஏறி மறைந்திருக்கும். மணல்தாள் பட்டால் அதோடு போயிற்று. காலை ஏழு மணி வாக்கில், வெயில் சாய்வாக விழும்போது, பக்கவாட்டிலிருந்து போனில் நாலு படம் எடுங்கள். சாக்பீஸ் தேய்க்காதீர்கள். வெந்நீரும் தேங்காய் நாரும் போதும், அதுவும் மெதுவாக. எழுத்து மாதிரி ஏதாவது தெரிந்தால் மாநிலத் தொல்லியல் துறைக்கு அந்தப் படங்களை அனுப்புங்கள், இங்கேயும் போடுங்கள், படிக்கத் தெரிந்தவர்கள் சிலர் இந்தப் பக்கம் வருகிறார்கள். பூசாரி கோபித்துக்கொண்டால், எண்ணெய்க் காப்பு வழக்கம்போல நடக்கட்டும், பெயிண்ட் மட்டும் இந்த வருடம் கம்பி வேலிக்கு அடிக்கலாம் என்று சொல்லிப் பாருங்கள்.